ஒளிக்கு ஒரு வம்சாவளி

கறுப்பு என்றால் என்ன என்று கேட்டால், பன்னிரண்டாம் நூற்றாண்டில் தருக்கம் படித்த மாணவனிடம் மனப்பாடமாக ஒரு விடை இருந்தது: பார்வையை ஒடுக்கும் நிறம். வெள்ளை, பார்வையை விரிக்கும் நிறம். முதலில் இனத்தைச் சொல், பிறகு அந்த இனத்துக்குள் இதை மட்டும் பிரித்துக் காட்டும் பண்பைச் சொல், வரையறை முடிந்தது. அரிஸ்டாட்டிலிடமிருந்து வந்து இப்னு சீனாவின் கையில் செப்பம் பெற்ற முறை இது. ஷிஹாபுத்தீன் யஹ்யா சுஹ்ரவர்தி இந்த விடையை எடுத்துப் பிரித்துப் போட்டார். கறுப்பைக் கண்டவனுக்கு இந்த வரையறையால் புதிதாக எதுவும் தெரிவதில்லை. காணாதவனுக்கு ஆயிரம் முறை சொன்னாலும் கறுப்பு தெரியப்போவதில்லை. கறுப்பு பகுதிகளைச் சேர்த்துக் கட்டிய பொருளன்று; கண்டால் முழுதாகத் தெரியும், காணாவிட்டால் தெரியவே தெரியாது. நிறத்துக்கே இந்தக் கதி என்றால், வரையறைகளை அடுக்கி அடுக்கி உலகத்தை அறிந்துவிடலாம் என்ற பெரிய திட்டம் என்ன ஆவது?

இந்தக் கேள்வியிலிருந்து ஒரு முழு மெய்யியலையே எழுப்பியவர் சுஹ்ரவர்தி. 1154 வாக்கில் வடமேற்கு ஈரானில் ஸஞ்சானுக்கு அருகிலுள்ள சுஹ்ரவர்த் என்ற சிற்றூரில் பிறந்தார். மராகாவிலும் இஸ்ஃபஹானிலும் படித்தார். அனத்தோலியாவில் ஊர் ஊராக அலைந்தார். 1183இல் சிரியாவின் ஹலப் நகரத்துக்கு, அதாவது இன்றைய அலெப்போவுக்கு, வந்து சேர்ந்தார். தன் தலையாய நூலான ‘ஹிக்மத்துல் இஷ்ராக்’கை 1186 செப்டம்பரில், கோள்களெல்லாம் துலா ராசியில் கூடியிருந்த நாளில் முடித்ததாக அவரே குறித்திருக்கிறார். கிழக்கு வெளுத்துக் கதிர் பரவும் வேளையின் பெயர்தான் இஷ்ராக். அதையே தன் மெய்யியலுக்குச் சூட்டினார். அடுத்த ஐந்தாண்டுகளில் கொல்லப்பட்டார். நாற்பது வயதுகூட நிறைந்திருக்கவில்லை. நம் ஊர்களில் தரீக்கா, அதாவது சூஃபி நெறி, வழியாகக் காதில் விழும் சுஹ்ரவர்தி இவர் அல்லர். சுஹ்ரவர்திய்யா தரீக்காவின் பெரியவர் பாக்தாதில் 1234 வரை வாழ்ந்த அபூ ஹஃப்ஸ் உமர். ஊரும் பட்டப்பெயரும் ஒன்றாக இருப்பதால் இருவரையும் குழப்பிக்கொள்ளாதவர்கள் குறைவு.

ஆள் பார்வைக்கு எப்படி இருந்தார் என்பதற்கு மருத்துவ வரலாறு எழுதிய இப்னு அபீ உஸைபிஆ ஒரு காட்சியைப் பதிந்து வைத்திருக்கிறார். மையாஃபாரிகீன் நகரத்துப் பள்ளிவாசலில் சுஹ்ரவர்தி நண்பர் ஒருவரோடு நடந்துகொண்டிருக்கிறார். உடம்பில் குட்டையான நீல ஜுப்பா, தலையில் முறுக்கிச் சுற்றிய துணி. அந்த நண்பரைத் தெரிந்த ஒருவர் வந்து, போயும் போயும் ஒரு கழுதையோட்டியுடனா சேர்ந்து நடக்கிறாய் என்று கேட்கிறார். வாயை மூடு, இவர்தான் இந்தக் காலத்தின் பேரறிஞர் என்று பதில் வருகிறது.

அவருடைய அடிப்படை வாதம் எளிமையானது. வரையறை தேவைப்படாத பொருள் ஏதாவது உண்டென்றால் அது தானே வெளிப்படையாகத் தெரிவதாக இருக்க வேண்டும். தானும் தெரிந்து, பிறவற்றையும் தெரியவைப்பது ஒளி. ஆகவே ஒளியைவிட விளக்கம் வேண்டாத பொருள் வேறில்லை. இப்னு சீனா ‘உள்ளது’ என்பதிலிருந்து தொடங்கினார். ‘உள்ளது’ என்பது நம் மனம் பொருள்களின்மேல் ஏற்றிச் சொல்லும் ஒரு பொதுச்சொல், வெளியே தனியாக அப்படியொன்று கிடையாது என்று சுஹ்ரவர்தி ஒதுக்கிவிட்டார். அந்த இடத்தில் ஒளியை வைத்தார்.

பிறகு உலகத்தை நான்காகப் பகுத்தார். தனக்காகவே இருக்கும் ஒளி ஒன்று: இறை, வானவர், உயிர் எல்லாம் இதில் அடங்கும். வேறொன்றைச் சார்ந்து நிற்கும் ஒளி அடுத்தது: விளக்கிலும் விண்மீனிலும் நாம் காண்பது. மூன்றாவது, தானாக ஒளியில்லாத இருள்பொருள்; உடல்கள் எல்லாம் இந்த வகை. அந்த உடல்கள்மேல் ஏறியிருக்கும் இருட்பண்புகள் நான்காவது. உச்சியில் நூருல் அன்வார், ஒளிகளுக்கெல்லாம் ஒளி. அதிலிருந்து ஓர் ஒளி, அதிலிருந்து மற்றொன்று என்று இறங்குகிறது வரிசை. இப்னு சீனா இந்த இறக்கத்தைப் பத்துப் படிகளில் முடித்துக்கொண்டார். எட்டாம் வானத்தில் எண்ணி மாளாத விண்மீன்கள் இருக்கையில் பத்து எப்படிப் போதும் என்பது சுஹ்ரவர்தியின் கேள்வி. கீழே இருக்கும் ஒவ்வொரு ஒளியும் தனக்கு மேலே உள்ள ஒளிகள் அனைத்தையும் காண்கிறது, அவற்றின் கதிர்களை வாங்கிக்கொள்கிறது, அந்தக் கதிர்கள் ஒன்றோடொன்று கூடி மேலும் ஒளிகளைப் பிறப்பிக்கின்றன. எண்ணிக்கை கட்டுக்குள் நிற்பதில்லை.

இதில் எனக்குப் பெரிதாகப் படுவது வானத்து அடுக்கு அன்று. அந்த அடுக்கு அவர் காலத்து வானியலோடு சேர்ந்து போய்விட்டது. ‘நான்’ பற்றி அவர் சொன்னது நிற்கிறது. என்னை நான் எப்படி அறிகிறேன்? மனத்துக்குள் என்னைப் பற்றிய ஒரு படத்தை வைத்துக்கொண்டு அறிகிறேன் என்றால், அந்தப் படம் எனக்கு ‘அது’வாகத்தான் இருக்க முடியும், ‘நான்’ ஆக முடியாது. அந்தப் படம் என்னுடையதுதான் என்று தெரிந்துகொள்ளவே, அதற்கு முன்பே எனக்கு என்னைத் தெரிந்திருக்க வேண்டும். ஆக, என்னை நான் இடையில் எதுவுமின்றி அறிகிறேன். தனக்குத் தானே வெளிப்படையாக இருப்பது ஒளி என்று முன்பே சொன்னோம். எனவே ‘நான்’ என்பதே ஓர் ஒளி. முன்னிலை அறிவு என்று பின்னாளில் ஈரானிய மெய்யியலில் பெரிதாக வளர்ந்த கருத்தின் விதை இங்கே இருக்கிறது. கண்பார்வையையும் அவர் இதே வழியில் விளக்கினார். கண்ணிலிருந்து கதிர் வெளியே போகிறது என்று ஒரு சாரார் சொன்னார்கள். பொருளின் உருவம் கண்ணுக்குள் வந்து பதிகிறது என்று மற்றொரு சாரார் சொன்னார்கள். இரண்டையும் அவர் மறுத்தார். ஒளிபட்ட பொருள் நல்ல கண்ணுக்கு நேரே இருக்கிறது, நடுவில் மறைப்பு இல்லை. உயிர் அதை நேராகக் காண்கிறது. அவ்வளவுதான். ஒளியியல் என்ற முறையில் இது பயன்படாது. இப்னுல் ஹைஸம் அதற்கு ஒன்றரை நூற்றாண்டுக்கு முன்பே எவ்வளவோ தூரம் போயிருந்தார். ஆனால் காண்பது என்ற அனுபவம் எத்தகையது என்ற கேள்விக்கு இது பொருட்படுத்த வேண்டிய பதில்.

நிறம் இந்த அமைப்பில் எங்கே வருகிறது? பெரிய அரபு நூல்களில் அதிகம் வருவதில்லை. பாரசீகத்தில் எழுதிய சிறிய உருவகக் கதைகளில்தான் வருகிறது. அவற்றில் மிகச் சிறந்தது ‘அக்லே சுர்க்’, சிவந்த அறிவு. கண்கள் தைக்கப்பட்டுச் சிறைப்பட்ட ஒரு பருந்து காவலர் அயர்ந்த நேரத்தில் தப்பி, பாலைவெளிக்கு வருகிறது. அங்கே ஒருவர் எதிர்ப்படுகிறார். முகமும் தாடியும் சிவப்பு. இளைஞர் என்று எண்ணி அழைக்கிறது பருந்து. படைப்பின் தலைப்பிள்ளையே நான்தான், என்னையா இளைஞன் என்கிறாய் என்று கேட்கிறார் அவர். அப்படியானால் தாடி ஏன் நரைக்கவில்லை? நான் வெண்மையானவன்தான், ஒளியுள்ள முதியவன்தான், உன்னைச் சிறைப்படுத்தியவர்கள் என்னையும் ஓர் இருட்கிணற்றில் தள்ளினார்கள், ஒளியோடு தொடர்புள்ள வெண்மை எதுவும் இருளோடு கலந்தால் சிவப்பாகத்தான் தெரியும் என்கிறார். மாலைச் செவ்வானத்தைப் பார்: ஒரு பக்கம் பகல், ஒரு பக்கம் இரவு, நடுவே சிவப்பு. விளக்குச் சுடரைப் பார்: அடியில் வெண்மை, மேலே கரும்புகை, இடையில் செம்மை.

இரண்டு உதாரணங்களும் எவரும் எப்போதும் பார்த்துக்கொண்டிருப்பவை. நிறம் என்பது ஒளியின் ஒரு வகை அன்று. ஒளி தன் ஊரை விட்டு இருளுக்குள் மாட்டிக்கொண்டதன் அடையாளம். மனித உயிரின் நிலையும் அதுதான் என்பது கதையின் உட்பொருள். எதிர்ப்பட்டவர் தன் நிறத்தைச் சொல்கிற சாக்கில் பருந்துக்கு அதன் சொந்த நிலையைச் சொல்லிவிடுகிறார். வெண்மையும் கருமையும் கலந்து பிற நிறங்கள் பிறக்கின்றன என்ற எண்ணம் அரிஸ்டாட்டிலிடமே உண்டு. சுஹ்ரவர்தி அதை எடுத்து ஓர் உயிரின் வரலாறாக்கினார். வெள்ளொளிக்குள்ளேயே நிறங்கள் இருக்கின்றன, இருள் கலக்க வேண்டியதில்லை என்று நியூட்டன் 1672இல் அறிவித்தபோது இயற்பியலாக இந்தக் கருத்து முடிந்துபோனது. செவ்வானத்துக்குக் காரணம் காற்று நீல ஒளியைச் சிதறடிப்பது என்று 1871இல் ரேலி காட்டினார். கதைக்கு இதனால் நட்டமில்லை. கதையை இயற்பியலாக வாசிக்கச் சொல்லி அவர் கேட்கவும் இல்லை.

இங்கிருந்து கொஞ்சம் சங்கடமான பகுதி. ஒளி பற்றிய இந்த மெய்யியல் தன் சொந்தக் கண்டுபிடிப்பு என்று சுஹ்ரவர்தி சொல்லவில்லை. தொன்மையான ஞானம் ஒன்று இருந்தது, அழியாத ஒரு புளிப்புமா போலக் கைமாறி வந்தது, அதைத்தான் மீட்டுத் தருகிறேன் என்றார். ஹெர்மஸ், எம்பெடோகிளிஸ், பைதாகரஸ், பிளேட்டோ என ஒரு கிளை. ஜாமாஸ்ப், புஸுர்க்மிஹ்ர் என்று பாரசீக ஞானிகள் ஒரு கிளை. கிரேக்கக் கிளை எகிப்தின் துன்னூன் மிஸ்ரியிடமும், பாரசீகக் கிளை பாயஸீத் பிஸ்தாமி, ஹல்லாஜ் போன்ற சூஃபிகளிடமும் வந்து சேர்ந்தன; இரண்டும் தன்னிடம் கூடுவதாகச் சொன்னார். எங்கே வம்பு வருமோ என்று, இது மஜூசிகளின் இறைமறுப்பும் அன்று, மானியின் கொள்கையும் அன்று என்றும் முன்னுரையிலேயே எழுதி வைத்தார்.

இந்த வம்சாவளியைக் கொஞ்சம் நெருங்கிப் பார்த்தால் தையல் தெரிகிறது. அவர் கைக்கு வந்த பைதாகரஸும் எம்பெடோகிளிஸும் அரபு நூல்களில் பிற்காலத்தில் அவர்கள் பெயரில் உலவிய சொற்களால் ஆனவர்கள். பாரசீகப் பக்கத்தில் அவர் ஒளிகளுக்குச் சூட்டிய பெயர்கள் பஹ்மன், உர்திபிஹிஷ்த், குர்தாத், முர்தாத். இவை ஸரதுஷ்ட்ர சமயத்தின் வானவர் பெயர்கள்தான், மறுப்பில்லை. அதே சமயம் பாரசீக நாட்காட்டியின் மாதப் பெயர்களும் இவையே. இவற்றை அறிய அவெஸ்தாவைத் திறக்க வேண்டிய தேவை எந்த ஈரானியருக்கும் இல்லை. அவருடைய நூல்களில் வாதமாக வரும் பகுதிகளை எடுத்துக்கொண்டால், ஒவ்வொரு பக்கத்திலும் அவர் மல்லுக்கட்டுவது இப்னு சீனாவோடுதான், ஜாமாஸ்போடு அல்ல. ஒளியின் மெய்யியல் இப்னு சீனாவைக் கரைத்துக் குடித்த ஒரு இளைஞர் அவரைத் தாண்டிப் போக எடுத்த முயற்சி. பழைய பெயர்கள் பிறகு அணிவித்த ஆடை. தாம் நினைத்ததைப் புதிது என்று சொல்லத் துணிவில்லாமல் முன்னோர் தலையில் கட்டுவது அவர் ஒருவரின் பழக்கம் அன்று. ஆனால் இவர் விஷயத்தில் விளைவுகள் பெரிதாகிவிட்டன.

முதல் விளைவு அவர் உயிருக்கே வந்ததாக இருக்கலாம். ஹலபில் அப்போது ஆட்சியில் இருந்தவர் சுல்தான் சலாஹுத்தீனின் மகன் அல்-மலிக் அல்-ஸாஹிர், பதின்பருவத்து இளவரசர். சுஹ்ரவர்தி அவருக்கு மிக நெருக்கமானார். காணும் ஞானமும் வாதிடும் அறிவும் ஒருசேரக் கைவந்தவனுக்கே தலைமை உரியது, அவனே பூமியில் இறைவனின் பிரதிநிதி என்று ‘ஹிக்மத்துல் இஷ்ராக்’ முன்னுரை சொல்கிறது. பழைய பாரசீக அரசர்களான ஃபரீதூன், கைக்குஸ்ரோ ஆகியோரின் தலையைச் சூழ்ந்த அரச ஒளியைப் பற்றியும் அவர் எழுதியிருந்தார். நகரத்து மார்க்க அறிஞர்கள் சலாஹுத்தீனுக்கு முறையிட்டார்கள். அது மூன்றாம் சிலுவைப்போரின் நடுவேளை. அக்கா நகரம் 1191 ஜூலையில்தான் கைவிட்டுப் போயிருந்தது. சிரியாவின் வடவாசலில் இளவரசனின் காதருகே இப்படியொருவர் இருப்பதை விட்டுவைக்கச் சலாஹுத்தீனுக்கு மனமில்லை. கொல்லும்படி மகனுக்கு உத்தரவு போனது. எப்படிக் கொன்றார்கள் என்பதில் அக்கால ஆசிரியர்களே ஒத்துப்போவதில்லை. சில பத்தாண்டுகள் கழித்து ஹலபில் தங்கியிருந்த வரலாற்றாசிரியர் இப்னு கல்லிகான், ஊர் இன்னும் இரண்டுபட்டே இருந்ததாக எழுதுகிறார்: சிலருக்கு அவர் மதத்துரோகி, சிலருக்கு இறைநேசர்.

நூல்கள் தப்பின. 1295இல் குத்புத்தீன் ஷீராஸி ‘ஹிக்மத்துல் இஷ்ராக்’குக்கு எழுதிய உரைதான் பின்வந்த தலைமுறைகள் கையில் வைத்துப் படித்தது. சுவையான விஷயம், இந்த ஷீராஸி மராகா வானாய்வகத்தில் பணியாற்றிய வானியலாளர். அவருடைய மாணவர் கமாலுத்தீன் ஃபாரிஸி ஒளி விலகல் பற்றி ஐயம் கேட்டபோது, இளமையில் ஒரு நூலகத்தில் கண்ட இப்னுல் ஹைஸமின் ஒளியியல் நூல் ஷீராஸிக்கு நினைவு வந்தது. அதைத் தொலைவிலிருந்து தருவித்துக் கொடுத்தார். ஃபாரிஸி அதற்கு விரிவான உரை எழுதினார். ஒரு கண்ணாடிக் கோளத்தில் நீரை நிரப்பி, அதையே பெரிய மழைத்துளியாகக் கொண்டு, இருட்டறைக்குள் கதிரை விட்டுப் பார்த்தார். வானவில்லின் முதல் வளைவு இரண்டு விலகலாலும் ஒரு எதிரொளிப்பாலும் உண்டாகிறது என்று கண்டார். ஏறத்தாழ அதே ஆண்டுகளில் ஜெர்மனியில் ஃபிரைபர்க்கின் தியோடரிக்கும், ஒருவரையொருவர் அறியாமலே, அதே முடிவுக்கு வந்தார். ஒளியே மெய்ப்பொருள் என்ற நூலுக்கு உரை எழுதியவர் வீட்டு வாசலில் வானவில்லின் கணக்கு தீர்ந்தது. இரண்டுக்கும் காரணகாரியத் தொடர்பு உண்டு என்று நான் வாதிட மாட்டேன். ஆனால் ஒளியைத் தியானித்தவர்கள் ஒளியை அளக்கவில்லை என்று சொல்பவர்களுக்கு இந்த ஆசிரியரையும் மாணவரையும் காட்டலாம்.

நிறங்களை ஏணியாக அடுக்கியவர்கள் வேறு ஆட்கள். குவாரஸ்மில் வாழ்ந்து, 1221இல் மங்கோலியர் படையெடுப்பில் இறந்த நஜ்முத்தீன் குப்ராவும் அவர் வழிவந்த சூஃபிகளும். கண்ணை மூடித் திக்ரில், அதாவது இறைநாமம் ஓதுவதில், அமர்ந்தவனுக்கு உள்ளே தெரியும் நிறங்களை, நாடி பிடித்துப் பார்க்கும் வைத்தியர் போலக் குப்ரா எழுதி வைத்தார். நஃப்ஸ் என்னும் இச்சை மனம் தெரியும்போது வானம்போல் நீலமாக ஊற்றெடுக்கும். மஞ்சள் வந்தால் சோர்வு. பச்சை, இதயம் உயிரோடு இருப்பதற்கு அறிகுறி. ஒரு நூற்றாண்டு கழித்து அலாவுத்தவ்லா சிம்னானி இதை ஏழு படிகளாக ஒழுங்குபடுத்தினார். மனிதனுக்குள் ஏழு நுண்ணுறுப்புகள், ஒவ்வொன்றுக்கும் ஒரு நபி, ஒவ்வொன்றுக்கும் ஒரு நிறம்: ஆதமுக்குப் புகைக்கருமை, நூஹுக்கு நீலம், இப்ராஹீமுக்குச் சிவப்பு, மூஸாவுக்கு வெண்மை, தாவூதுக்கு மஞ்சள், ஈஸாவுக்கு ஒளிரும் கருமை, முஹம்மதுக்குப் பச்சை. இந்தச் சிம்னானி அர்கூன் கான் அரசவையில் இளமையைக் கழித்தவர், அங்கே புத்த பிக்குகளோடு வாதிட்டவர். சுஹ்ரவர்தியின் ஒளிக்கும் இவர்களுடைய நிறங்களுக்கும் உறவு உண்டு என்று எண்ணத் தோன்றும். ஆனால் இவர்கள் அவருடைய சீடர்கள் அல்லர், அவர் எழுதியதுபோல் வாதம் எழுதியவர்களும் அல்லர். இரண்டையும் ஒரே ‘ஈரானிய ஒளி மரபு’ ஆக்கியது இருபதாம் நூற்றாண்டு.

அதற்கு முன் நம் துணைக்கண்டத்தில் ஒரு கூத்து நடந்தது. அக்பர் காலத்தில் ஃபார்ஸிலிருந்து ஆஸர் கைவான் என்ற ஸரதுஷ்ட்ர ஞானி சீடர்களோடு வந்து பாட்னாவில் குடியேறினார். சுஹ்ரவர்தியை உயிராக மதித்த கூட்டம். தொன்மையான பாரசீக ஒளிஞானம் ஒன்று இருந்ததாக அவர் சொன்னாரே, அதன் வேதநூல் எங்கே? இல்லாத நூலை இவர்கள் வட்டத்தில் உண்டாக்கிவிட்டார்கள். ‘தஸாத்தீர்’ என்று பெயர். மஹாபாத் தொடங்கி ஐந்தாம் சாசான் வரை பதினாறு இறைத்தூதர்களுக்கு இறங்கியதாம். மொழி, உலகில் எங்கும் இல்லாத ‘வான மொழி’; கூடவே அரபுச் சொல் கலவாத பாரசீகத்தில் விளக்கம். வான மொழியின் இலக்கணம் அடிக்கு அடி பாரசீகத்தைப் பின்பற்றி நடக்கிறது என்பதுதான் குட்டை உடைத்தது. அது உடைய வெகுகாலம் ஆனது. 1652 வாக்கில் கோல்கொண்டாவில் அப்துல்லா குத்ப் ஷாவுக்குக் காணிக்கையாகத் தொகுக்கப்பட்ட ‘புர்ஹானே காத்திஃ’ என்ற பேரகராதி, தஸாத்தீரின் கற்பனைச் சொற்களைப் பழம்பாரசீகச் சொற்களாகவே பதிந்துகொண்டது. இஸ்ஃபஹானில் கிடைத்த ஒரு சுவடியைக் கொண்டு 1818இல் பம்பாயில் முல்லா ஃபிரூஸ் நூலை அச்சிட்டார். கூடவே ஆங்கிலப் பெயர்ப்பும் வந்தது. அதில் கைகொடுத்த வில்லியம் எர்ஸ்கின்னே நூலின் தொன்மையை நம்பவில்லை. டெல்லியில் கவிஞர் காலிப் அந்த அகராதியைக் கிழிகிழியென்று கிழித்து 1862இல் ஒரு நூலே எழுதினார். அதே காலிப் தஸாத்தீரை மட்டும் மெய்யென்று நம்பி, 1857 பற்றிய தன் ‘தஸ்தம்பு’வில் அந்தச் சொற்களை ஆசையோடு எடுத்தாண்டார். போலி வேதம் பிழைத்தது இப்படித்தான்: அறிவாளிகளின் துணையோடு.

மூன்றாவது சுற்று பாரிஸில் தொடங்கியது. லூயி மாசிஞ்ஞோன் தன் மாணவர் ஆன்ரி கோர்பானிடம் ‘ஹிக்மத்துல் இஷ்ராக்’கின் கல்லச்சுப் பிரதி ஒன்றைக் கொடுத்தார். 1939இல் சில மாதங்களுக்கென்று இஸ்தான்புல் போன கோர்பான், போர் மூண்டதால் 1945 வரை அங்கேயே சுஹ்ரவர்தியின் சுவடிகளோடு இருந்துவிட்டார். இன்று நம் கையில் இருக்கும் நல்ல பதிப்புகளுக்கு அவருக்கு நன்றி சொல்லித்தான் ஆக வேண்டும். ஆனால் சுஹ்ரவர்தி சொன்ன வம்சாவளியை அவர் அப்படியே ஏற்றுக்கொண்டார். 1971இல் வந்த ‘ஈரானிய சூஃபியத்தில் ஒளி மனிதன்’ நூலில் ஹெர்மஸ், சுஹ்ரவர்தி, குப்ரா, சிம்னானி எல்லாரும் ஒரே குடும்பமாக அமர்ந்திருக்கிறார்கள். அழகான நூல், வரலாறாகப் படித்தால் வழிதவறும். ‘ஹிக்மத்துல் இஷ்ராக்’கை அவர் பிரெஞ்சில் பெயர்த்தபோது முதற்பகுதியான தருக்கத்தை விட்டுவிட்டு இரண்டாம் பகுதியிலிருந்து தொடங்கினார் என்பதே அவர் மனத்தைக் காட்டிவிடுகிறது.

முன்னோர் பட்டியல்தான் சுஹ்ரவர்தியின் நூல்களில் வலுவில்லாத பகுதி. அதற்குத்தான் ஆயுள் கெட்டியாக இருந்தது. இந்தப் பட்டியலைத் தள்ளிவிட்டால் எஞ்சுவது குறைவு என்று யாரும் நினைக்க வேண்டாம். முல்லா ஸத்ரா பதினேழாம் நூற்றாண்டில் ‘உள்ளது’ என்பதற்கு மறுபடி முதலிடம் கொடுத்து, ஒளி என்று சுஹ்ரவர்தி சொன்னதெல்லாம் உண்மையில் அதைத்தான் என்று வாதிட்டார். அவ்வளவு பெரிய மனிதர் நின்று மறுத்துப் பேச வேண்டியிருந்த வாதம் அது. ஆங்கிலம் வாசிப்பவர்கள் 1999இல் ஜான் வால்பிரிட்ஜும் ஹுசைன் ஸியாயியும் அரபு மூலத்தோடு சேர்த்து வெளியிட்ட பெயர்ப்பை எடுத்துக்கொள்ளுங்கள். ஒளிகளின் ஊர்வலம் இரண்டாம் பகுதியில் இருக்கிறது. ஆனால் தருக்கத்தைத் தாண்டிக் குதிக்காமல், முதற் பக்கத்திலிருந்து படியுங்கள்.